மூன்று வாரமாக அணையாத சுடர்

“ஆரி மாமா, அந்தக் கீசர் மூடியக் கழட்டுங்க. இப்பவே. எல்லாரும் பாக்கட்டும்.”

நான் இப்படிக் கேட்டபோது பதினோரு பேர் சுவரோரமாக வட்டம் போட்டு உட்கார்ந்து, மடியில் தட்டை வைத்துக் கேக் தின்றுகொண்டிருந்தார்கள். பதினோரு முள்கரண்டிகளும் நின்றன. கையில் காபிக் குடுவையோடு நின்ற என் அம்மா லேனி என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! நான் மேசைமேல் ஏறி உடையைக் கழற்றியிருந்தால்கூட அவள் இவ்வளவு கூசியிருக்க மாட்டாள். அன்றைக்கு அவளுக்கு ஐம்பதாவது பிறந்தநாள்.

ஆரியிடம் எதுவும் கேட்கக்கூடாது என்பது எங்கள் வீட்டுச் சட்டம். என் அப்பா எங்களை விட்டுப் போனபோது எனக்கு நாலு வயது. ரோட்டர்டாமின் தென்கரையில் இருக்கும் தன் வீட்டின் இரண்டாம் மாடியை, ஒரு துண்டுக் காகிதம்கூட எழுதாமல், வெறும் கைகுலுக்கலோடு எங்களுக்கு வாடகைக்குக் கொடுத்தவர் ஆரி. வாடகை குறைவுதான். மீதியை நாங்கள் வாயைத் திறக்காமல் இருந்து கட்டினோம். கூரை ஒழுகினால் வாளி வைத்தோம். ஜன்னல் சட்டம் உளுத்தபோது அம்மா கந்தலை அடைத்தாள். “கேட்டோம்னு வெச்சுக்கோ, ‘ரிப்பேர் பண்றேன், நீங்க காலி பண்ணுங்க’ம்பாரு. அப்புறம் எங்க போறது?” இதைக் கேட்டே வளர்ந்து, நான் லைடனுக்குப் போய்ச் சட்டம் படித்தேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை ஒழுங்காக முடித்த முதல் ஆளும் நான்தான், பல்கலைக்கழகத்தைப் பார்த்த முதல் ஆளும் நான்தான். வாய்ப்பேச்சு ஒப்பந்தமும் ஒப்பந்தம்தான், குடியிருப்பவளை நினைத்த நேரத்தில் வெளியே தள்ள முடியாது என்று எத்தனையோ தடவை அம்மாவிடம் சொல்லியிருக்கிறேன். “அது உன் புஸ்தகத்துல. நாம இருக்கறது ஆரி வீட்டுல,” என்பாள்.

ஆரி முள்கரண்டியை நக்கிவிட்டுத் தட்டில் வைத்தார்.

“பாத்தியா லேனி! நாலு வருஷம் வக்கீலுக்குப் படிச்ச பொண்ணு, கடைசியில குழாய் ரிப்பேருக்கு வந்து நிக்குது.”

வட்டம் சிரித்தது. நிம்மதியான சிரிப்பு. அவர் மனைவி டினி என் முழங்காலைத் தட்டி, “உக்காரு தங்கம், காபி ஆறிடும்,” என்றாள்.

நான் உட்காரவில்லை.

காலையில் பத்து மணிக்கே, பாலாடைக் கட்டியைத் துண்டு போட உதவ வந்திருந்தேன். எங்கள் கீசர் சமையலறையில், பாத்திரத் தொட்டிக்கு மேலே, சுவரில் மாட்டிய, எரிவாயுவில் ஓடும் வெள்ளைப் பெட்டி. குளியலுக்கும் அதிலிருந்துதான் வெந்நீர். அதற்குள் சுண்டுவிரல் நகமளவு ஒரு சுடர் இரவும் பகலும் எரிய வேண்டும். வெந்நீர்க் குழாயைத் திறந்தால் பெரிய நெருப்பைப் பற்றவைப்பது அதுதான். காவல் சுடர் என்போம். ஒரு வருடமாக அந்தச் சுடர் அணைந்துகொண்டே இருந்தது. வாரத்துக்கு மூன்று தடவை, நாலு தடவை. ஒவ்வொரு தடவையும் அம்மா பித்தானை அழுத்திப் பிடித்து, ஓட்டை வழியாகத் தீக்குச்சியை நீட்டி, சுடர் பிடித்ததும் முப்பது வரை எண்ணி, மெதுவாக விரலை எடுப்பாள். நின்றால் நின்றது. அணைந்தால் மறுபடியும் ஒன்று, இரண்டு, மூன்று. ஆற்றுக் காற்று உள்ளே புகுந்து அணைக்கிறது என்பது அவள் கண்டுபிடிப்பு.

“இப்ப அந்தத் தொல்லையே இல்ல,” என்றாள் காலையில், முகமெல்லாம் மலர்ந்து. “ஆரி ஸ்க்ரூடிரைவரோட வந்தாரு. பத்தே நிமிஷம். மூணு வாரமாச்சு, ஒரு தடவகூட அணையல! நாம கேக்கவே இல்ல, பெட்ரா. அவராவே வந்து பண்ணிக் குடுத்தாரு.”

லைடனில் நான் தங்கியிருந்த வீட்டிலும் இதே மாதிரி ஒரு கீசர் இப்படித்தான் அணைந்துகொண்டிருந்தது. எரிவாயு ஆள் வந்து பார்த்துவிட்டுக் குழாயை மூடி, அதில் ஒரு சிவப்பு அட்டையைக் கட்டிவிட்டுப் போனார். “அணையறது கோளாறு இல்லம்மா. கோளாறு இருக்குன்னு அது சொல்லுது,” என்றார். அப்படிச் சொல்லிக்கொண்டிருந்த ஒன்று இங்கே மூன்று வாரமாக வாயை மூடிக்கொண்டிருக்கிறது.

அம்மா ஈரத்துணியால் கீசரின் நெற்றியைத் துடைத்தாள். துணி கரியாக வந்தது.

“எப்பவும் இப்படியாம்மா?”

“முன்னெல்லாம் சனிக்கிழமைக்குச் சனிக்கிழமை தொடைப்பேன். இப்ப தினம் தொடைக்கறேன். நாலு பேர் வர்ற வீடு, கரி தெரியலாமா?”

இருபது வருடமாக ஆஸ்பத்திரித் தரை துடைப்பவள் என் அம்மா. அவள் வீட்டில் ஒரு கறை ஒரு நாளுக்கு மேல் உயிரோடு இருக்காது. எந்த நிபுணன் வந்து பார்த்தாலும் அந்தப் பெட்டி நேற்று வாங்கியது போலப் பளபளக்கும். குனிந்து ஓட்டை வழியாகப் பார்த்தேன். நீலமாக நிமிர்ந்து நிற்க வேண்டிய சுடர் மஞ்சளாகத் தலையாட்டிக்கொண்டிருந்தது.

அப்புறம்தான் சுவரின் அடியில் இருந்த காற்றுத் துளையைப் பார்த்தேன். செய்தித்தாளைச் சுருட்டிச் சுருட்டி அதற்குள் திணித்திருந்தார்கள். ஐம்பது வயதானவளுக்கு எங்கள் ஊர் வழக்கப்படி ஜன்னலில் உட்கார வைக்கும் சாரா பொம்மைக்கு வயிறு அடைத்தது போக மிஞ்சிய தாள்கள். அம்மாவின் பழைய கோட்டை மாட்டிக்கொண்டு, மூக்குக்கண்ணாடியும் தலைத்துணியுமாகப் பொம்மை முன்னறை ஜன்னலில் உட்கார்ந்து தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தது.

“கணுக்கால்ல குளிர் அடிக்குது. டினிக்கு ஒத்துக்காது. எடுக்காத பெட்ரா, அப்படியே வை.”

நான் எடுத்தேன். அவள் திரும்ப வைத்தாள்.

“உனக்குத் தலை வலிக்குதாம்மா?”

“அம்பது வயசாச்சு. வலிக்காதா? இன்னிக்கு ஒரு நாள் சண்டை போடாம இரு, தாயே.”

இருந்தேன். நிஜமாகவே முயற்சி செய்தேன். வந்த பதினோரு பேருக்கும் வழக்கப்படி கைகொடுத்து, என் அம்மாவின் பிறந்தநாளுக்காக ஒவ்வொருவரையும் வாழ்த்தினேன். எல்லாரும் போன பிறகு பேசிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். ஆனால் அம்மாவின் தங்கை பெப்பி சித்தி, முதல் சுற்றுக் கோப்பைகளைக் கழுவ வெந்நீரைத் திறந்துவிட்டுக்கொண்டு சமையலறையில் பத்து நிமிடம் நின்றாள். திரும்பி வரும்போது நெற்றியைப் பிடித்துக்கொண்டு கதவில் சாய்ந்தாள். முகம் வெளிறியிருந்தது.

“வெறும் வயித்துல முட்டை பிராந்தி குடிச்சா இப்படித்தான்,” என்றார் ஆரி. எல்லாரும் சிரித்தார்கள். அப்போதுதான் நான் வாயைத் திறந்தேன்.

“நீங்க கழட்டலன்னா நானே கழட்டறேன்,” என்று சமையலறைக்குப் போனேன். இழுப்பறையில் ஸ்க்ரூடிரைவர் இருந்தது. பித்தானை உருவினேன். இரண்டு திருகுகளைக் கழற்றினேன். மூடி கையோடு வந்தது. வட்டம் மொத்தமும் எழுந்து சமையலறை வாசலில் வந்து அடைத்துக்கொண்டு நின்றது. ஒருத்தராவது தட்டைக் கீழே வைக்க வேண்டுமே! கேக்கை மென்றபடியே பார்த்தார்கள்.

உள்ளே, அம்மாவின் துணி எட்டாத இடமெல்லாம் கரி, விரல் தடிமனுக்கு. மேலே புகை வெளியேறும் வாயில் காசளவு ஒரு சென்சார். அதிலிருந்து இறங்கிய இரண்டு மெல்லிய வயர்களைப் பிடுங்கி, ஒன்றோடொன்று முறுக்கி, நீல டேப் சுற்றியிருந்தது. டேப் புத்தம் புதியது. மூடியின் உள்பக்கம் ஒரு தாள் ஒட்டியிருந்தது. உரக்கப் படித்தேன்.

“‘வெளியேற வேண்டிய புகை அறைக்குள் திரும்பினால் சென்சார் காவல் சுடரை அணைத்துவிடும். சுடர் அடிக்கடி அணைந்தால் மீண்டும் பற்றவைக்கக் கூடாது. குழாயை மூடிவிட்டு எரிவாயு நிறுவனத்தை அழைக்கவும்.’ இத யாராவது படிச்சீங்களா? இருபது வருஷத்துல ஒருத்தராவது?”

“அது எல்லா டப்பாலயும் ஒட்டியிருப்பான். கோர்ட்டுக்குப் பயந்து,” என்றார் ஆரி. “நான் முப்பது வருஷம் கப்பல் கட்டற எடத்துல வெல்டிங் பண்ணவன். எனக்கு நெருப்பப் பத்திச் சொல்ல வராத.”

“இந்த வயர முறுக்கினது நீங்கதானே?”

“நான்தான். உங்கம்மா வாரத்துக்கு நாலு தடவ தீக்குச்சியும் கையுமா நின்னா. பாவமா இருந்துச்சு, செஞ்சேன். தப்பா?”

அவர் பொய் சொல்லியிருந்தால் எனக்கு இவ்வளவு ஆத்திரம் வந்திருக்காது. மனதார ஒரு உதவி செய்ததாகவே அவர் நம்பினார். கத்துகிற நாயின் வாயைக் கட்டிவிட்டு, வீட்டில் திருடனே இல்லை என்று சந்தோஷப்படும் உதவி.

தாளில் ஒரு சோதனையும் எழுதியிருந்தது. “சித்தி, உங்க கைப்பையில இருக்கற சின்னக் கண்ணாடியக் குடுங்க,” என்றேன். பெப்பி சித்தி ஒரு வார்த்தை கேட்காமல் கொடுத்தாள். வெந்நீரைத் திறந்தேன். குப்பென்று பெரிய நெருப்பு பிடித்தது. கண்ணாடியைப் புகை வாயின் விளிம்பில் பிடித்தேன். நல்ல கீசராக இருந்தால் புகை மேலே போய்விடும், கண்ணாடியில் ஒன்றும் படியாது. நான் பத்து எண்ணுவதற்குள் கண்ணாடி முழுக்க ஆவி படிந்து மூடிக்கொண்டது. என் முகம் அதில் தெரியவில்லை. கையை வைத்துப் பார்த்தேன். அடுப்புக்கு முன்னால் நிற்பது போல அனல் என் உள்ளங்கைமேல் கொட்டியது.

“பாருங்க. வெளிய போக வேண்டியது அத்தனையும் இங்கதான் வருது. இந்த விஷப் புகையத்தான் அம்மா தினம் மூச்சா இழுக்கறாங்க.”

“வெந்நீர் விட்டா ஆவி வராதா பின்ன?” என்றாள் டினி.

“ஜன்னல் கண்ணாடி காய்ஞ்சுதானே இருக்கு? அதுல ஏன் ஆவி இல்ல?”

ஒருத்தர்கூட ஜன்னல் பக்கம் திரும்பவில்லை. திரும்பினால் பார்க்க வேண்டியிருக்கும். பார்த்தால் ஏதாவது சொல்ல வேண்டியிருக்கும்.

அம்மா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். குழாயை மூடினாள். என் கையிலிருந்த கண்ணாடியை வாங்கி, ஏப்ரனின் ஓரத்தால் துடைத்தாள். மூலையில் இருந்த பழைய பவுடர் கறையைக்கூட நகத்தால் சுரண்டி எடுத்தாள். பளிச்சென்று ஆனதும் தங்கையிடம் நீட்டினாள்.

“இந்தா பெப்பி, உள்ள வெச்சுக்கோ. யாருக்கெல்லாம் இன்னொரு காபி?”

ரெண்டு பேர் கோப்பையை நீட்டினார்கள். கடவுளே, நிஜமாகவே நீட்டினார்கள்.

பெப்பி சித்தி கண்ணாடியை வாங்கவில்லை. “லேனி,” என்றாள். “போன வியாழக்கிழமை நடந்ததச் சொல்லு.”

“வாய மூடு பெப்பி.”

“நீ சொல்லலன்னா நான் சொல்லுவேன். குளிச்சிட்டு இருக்கறப்ப விழுந்துட்டா. ‘கால் என் கால் மாதிரியே இல்ல’ன்னு சொன்னா. அரை மணி நேரம் தண்ணி தலையில கொட்டக் கொட்ட டைல்ஸ் தரையில உக்காந்திருக்கா. அப்புறம் தவழ்ந்து வந்து கதவத் திறந்திருக்கா. யார்கிட்டயும் சொல்லாதன்னு சத்தியம் வாங்கிட்டா.”

நான் அம்மாவைப் பார்த்தேன். அவள் காபிக் குடுவையின் மூடியைத் திருகித் திருகி இறுக்கிக்கொண்டிருந்தாள். ஏற்கெனவே இறுகிய மூடி.

ஆரியின் முகம் கொஞ்சம் மாறியது. அதை நான் மறைக்க மாட்டேன். “நெசமா லேனி? எங்கிட்ட சொல்லலையே?”

“உங்ககிட்ட எதுக்கு ஆரி அதெல்லாம்? உங்களுக்கு ஆயிரம் வேல.”

“சரி, விடு. வெயில் காலம் வரட்டும், புகைப்போக்கிக்குள்ள என்ன இருக்குன்னு ஏறிப் பாக்கறேன். காக்கா கூடு கட்டியிருக்கும். அதுவரைக்கும் ஜன்னலக் கொஞ்சம் திறந்து வெச்சுக்கோ.”

“இது பிப்ரவரி,” என்றேன். “வெயில் காலம் வரைக்கும் இவங்க இருக்கணுமே? இன்னிக்கே கேஸ் கம்பெனி அவசர நம்பருக்கு நீங்க போன் பண்றீங்களா, நான் பண்ணட்டுமா?”

அவ்வளவுதான். மாறிய முகம் திரும்ப மாறிவிட்டது.

“பண்ணு. வருவான். வந்து இந்தப் பெட்டிய மட்டும் மூடிட்டுப் போக மாட்டான், மொத்த வீட்டு லைனுக்கும் சீல் வெப்பான். புகைப்போக்கிய அடியிலேர்ந்து கட்டணும்பான். அவ்வளவும் பண்ணிட்டு நான் இந்த மாடிய இந்த வாடகைக்கு விட முடியுமா? நீயே சொல்லு வக்கீலம்மா. நான் மிரட்டல. உள்ளதச் சொல்றேன்.”

“உங்களால அவங்கள வெளிய அனுப்ப முடியாது. சட்டப்படி முடியாது.”

“சட்டத்துல எழுதியிருக்கட்டும். மாடிப்படியில தினம் என் மூஞ்சியத்தானே பாக்கணும்?”

நான் நீல டேப்பைப் பிய்த்தேன். முறுக்கிய வயர்களைப் பிரித்து விலக்கினேன். மூன்று வாரமாக அணையாத சுடர் ‘டப்’பென்று அணைந்தது. அந்தச் சின்னச் சத்தத்துக்குக் கூட்டமே அரை அடி பின்வாங்கியது.

“பெட்ரா.” அம்மாவின் குரல் தாழ்ந்திருந்தது. அவள் கத்தினால் எனக்குப் பயமில்லை. “ஆரிகிட்ட மன்னிப்புக் கேளு. கேட்டுட்டு அதப் பத்த வை.”

“மாட்டேன்.”

“உனக்கென்ன? ரயிலேறி லைடனுக்குப் போயிடுவ. நாளைக்கு இந்த வீட்டுல இருக்கப் போறது யாரு? அந்தப் படியில ஏறி இறங்கப் போறது யாரு? உன்னப் படிக்க வெச்சது இந்த வீடு. இந்த வாடகை. இந்த மனுஷன்.”

“என்னப் படிக்க வெச்சது உங்க முட்டி வலிம்மா! ஆஸ்பத்திரித் தரை! இவரு என்ன வெச்சாரு? ரெண்டு வயர முறுக்கி வெச்சாரு!”

“நீ மட்டும் போன் பண்ணினா, அடுத்த பிறந்தநாளுக்கு இந்த வட்டத்துல உனக்கு நாற்காலி கிடையாது. சொல்லிட்டேன்.”

பதினோரு பேர் முன்னால் சொன்னாள். அவள் சொன்னால் செய்வாள் என்று எனக்குத் தெரியும். அவளுடைய அண்ணனுக்குப் பதினான்கு வருடமாக நாற்காலி கிடையாது.

“அடுத்த பிறந்தநாள்னு ஒண்ணு வரட்டும்மா. எனக்கு அது போதும்.”

தொட்டிக்கு அடியில் குனிந்து எரிவாயுக் குழாயின் கைப்பிடியைக் குறுக்கே திருப்பி மூடினேன். நடுவில் இருந்த திருகைக் கழற்றி, கைப்பிடியை உருவி, பாவாடைப் பைக்குள் போட்டுக்கொண்டேன். என் முதுகு மறைத்ததால் ஆரிக்குத் தெரியவில்லை. பக்கத்தில் நின்ற பெப்பி சித்தி பார்த்தாள். குனிந்து காற்றுத் துளையிலிருந்த செய்தித்தாள்களை ஒவ்வொன்றாக இழுத்து எடுக்க ஆரம்பித்தாள். டினி கணுக்காலைத் தேய்த்துக்கொண்டு முன்னறைக்குப் போய்விட்டாள்.

முன்னறையில் டெலிபோன் ஆரியின் நாற்காலிக்குப் பக்கத்தில் இருந்தது. அவர் எனக்கு முன்னால் போய் அதன்மேல் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். அந்த டெலிபோனுக்கு மாதாமாதம் பணம் கட்டுவது என் அம்மா. அதைச் சொல்லக்கூட எனக்கு மனமில்லை. கொக்கியிலிருந்து கோட்டை எடுத்தேன். வட்டம் மறுபடி அவரவர் நாற்காலிக்குத் திரும்பிக்கொண்டிருந்தது. நான் நடுவில் நடந்து போனபோது எல்லாரும் காலை மடக்கி வழிவிட்டார்கள், மிக மரியாதையாக.

வாசல் கதவை நான் திறக்கும்போது சமையலறையில் தீக்குச்சி உரசும் சத்தம் கேட்டது.

எங்கள் மாடிப்படி செங்குத்தானது. கயிற்றைப் பிடித்துக்கொண்டுதான் இறங்க வேண்டும். பாதி இறங்கும்போது இரண்டாவது குச்சி.

“பிடிக்கல ஆரி,” என்ற அம்மாவின் குரல் படிவழியாக இறங்கி வந்தது.

“நல்லா அழுத்திப் பிடி லேனி. அழுத்திட்டு எண்ணு.”

எண்ணினாள். ஒன்று, இரண்டு, மூன்று. அந்தக் குரலைக் கேட்டே நான் எண்ணக் கற்றுக்கொண்டேன். ஒன்பதில் தெருக்கதவைத் திறந்தேன். பைக்குள் இரும்புக் கைப்பிடி தொடையில் இடித்தது. எதிரே டிராம் நிறுத்தத்தில் டெலிபோன் கூண்டு காலியாக இருந்தது. தெருவைக் கடந்தேன்.